லாரியில் எங்கே உட்கார்ந்திருந்தார்? விபத்துப் பதிவேட்டில் விடுபடும் ஒரு வரி

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தமிழ்நாட்டில் இருந்துகொண்டே அமெரிக்க மருத்துவமனைகளின் நோயாளிக் குறிப்புகளுக்கு மெடிக்கல் கோடிங் (நோயையும் காயத்தையும் குறியீடுகளாக மாற்றும் வேலை) செய்துகொண்டிருக்கும் பெருங்கூட்டத்தில் நானும் ஒருவன். பதினோரு ஆண்டுகளாக இதுவே என் பிழைப்பு. கனரக வாகன விபத்தில் காயம்பட்ட பயணியைப் பற்றி அங்கே எழுதிவைக்கும் அளவுக்கு நம் மருத்துவமனைகளின் விபத்துப் பதிவேட்டில் எழுதப்படுவதில்லை. புள்ளிவிவரத்தில் விழும் ஓட்டையாக மட்டும் அது நின்றுவிடாமல், காயம்பட்டவரின் இழப்பீட்டையே தொட்டுவிடுகிறது என்பதை என் குடும்பத்திலேயே பார்த்ததால் இக்கடிதத்தை எழுதுகிறேன்.

எங்கள் வேலை எப்படிப்பட்டது என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். ஒரு லாரி, முன்னால் சென்ற இன்னொரு லாரியின் பின்புறம் மோதி, ஓட்டுநருக்குப் பக்கத்தில் இருந்தவருக்குத் தொடை எலும்பு முறிந்துவிட்டது என்று வைத்துக்கொள்வோம். எலும்பு முறிவுக்கு 'எஸ்72' வரிசையில் ஒரு குறியீடு உண்டு. அதோடு வேலை முடிவதில்லை. அந்தக் காயம் எப்படி வந்தது என்பதற்குத் தனியாக 'வி64.6எக்ஸ்எக்ஸ்ஏ' என்று ஒன்று போட வேண்டும். வி64 என்றால் கனரகச் சரக்கு வாகனத்தில் இருந்தவர், இன்னொரு கனரக வாகனத்துடனோ பேருந்துடனோ நடந்த மோதலில் காயமடைந்தார் என்று பொருள். புள்ளிக்குப் பின் வரும் 6 என்பது, பொதுச் சாலையில் நடந்த விபத்தில் அவர் பயணியாக இருந்ததைக் குறிக்கும். அவரே ஓட்டியிருந்தால் 5, வண்டியின் வெளிப்புறத்தில் தொற்றிக்கொண்டு வந்திருந்தால் 7, ஏறும்போதோ இறங்கும்போதோ அடிபட்டிருந்தால் 4. நடுவிலுள்ள இரண்டு எக்ஸுகளும் இடத்தை நிரப்புபவை மட்டுமே. கடைசி எழுத்து, காயத்துக்கு நேரடியாகச் சிகிச்சை நடக்கும் காலமென்றால் ஏ, ஆறிவரும் காலத்துக் கவனிப்பென்றால் டி, பின்விளைவுக்காக வந்திருந்தால் எஸ் என்று மாறும். அவர் ஓட்டுநரா பயணியா என்பது குறிப்பில் இல்லாவிட்டால் நாங்களாக ஊகித்துப் போடக் கூடாது; மருத்துவருக்குக் கேள்வி அனுப்பிக் காத்திருக்க வேண்டும், அல்லது 'குறிப்பிடப்படாதது' என்பதற்கான குறியீட்டோடு நிறுத்திக்கொள்ள வேண்டும். இந்த வெளிக்காரணக் குறியீடுகளை நாடு முழுவதற்குமான கட்டாயமாக அமெரிக்காவும் ஆக்கவில்லை. மாநிலமோ பணம் செலுத்தும் நிறுவனமோ கேட்கும் இடத்தில்தான் கட்டாயம். ஆனாலும் ஆம்புலன்ஸ் ஊழியரின் குறிப்பிலேயே அவர் எந்த இருக்கையில் இருந்தார், பெல்ட் போட்டிருந்தாரா என்பதெல்லாம் பெரும்பாலும் வந்துவிடுகிறது.

இனி நம் ஊர்க் கதை. பெரம்பலூர் மாவட்டத்தில் சின்ன வெங்காயம் பயிரிடும் என் பெரியப்பா மகன், சில ஆண்டுகளுக்கு முன் தன் சரக்கோடு கோயம்பேட்டுக்கு லாரியில் போனார். இரவில் உளுந்தூர்ப்பேட்டையைத் தாண்டியதும், முன்னால் போன டிரெய்லர் திடீரென்று வேகம் குறைக்க, லாரி அதன் பின்னால் போய் மோதியது. கேபினில் ஓட்டுநருக்கு இடப்பக்கம் இருந்த அண்ணனின் வலது தொடை முறிந்தது. மருத்துவமனையில் எழுதப்பட்ட ஏ.ஆர். (விபத்துப் பதிவேடு) காப்பியைப் பிறகு நான் வாங்கிப் பார்த்தேன். வலது முழங்கைக்குக் கீழே ஒரு மச்சம், இடது தோளில் ஒரு தழும்பு என்று அங்க அடையாளங்கள் இரண்டும் துல்லியமாக இருந்தன. எந்த நேரத்தில், யார் கொண்டுவந்து சேர்த்தார்கள் என்பதும் இருந்தது. விபத்தைப் பற்றி மட்டும் 'ஆர்.டி.ஏ. – லாரி', அதாவது 'சாலை விபத்து – லாரி' என்று இரண்டே சொற்கள்.

சரக்கு வாகனத்தில் இலவசமாக ஏறிவரும் பயணிக்குக் காப்பீட்டு நிறுவனம் பொறுப்பேற்க வேண்டியதில்லை என்பது உச்ச நீதிமன்றம் உறுதிசெய்த நிலை. ஆனால் மோட்டார் வாகனச் சட்டத்தின் 147-ஆவது பிரிவில் 1994-இல் செய்யப்பட்ட திருத்தத்தின்படி, சரக்கின் உரிமையாளரோ அவருடைய பிரதிநிதியோ அதே வாகனத்தில் சென்றால் அவருக்குக் காப்பீடு உண்டு. அண்ணன் இழப்பீடு கேட்டுப் போன தீர்ப்பாயத்தில் எதிர்த்தரப்பு பிடித்துக்கொண்டது இந்த இடத்தைத்தான்: இவர் சரக்குக்காரர் அல்லர், வழியில் கைகாட்டி ஏறி மூட்டைகளின் மேல் உட்கார்ந்துவந்தவர் என்றார்கள். கேபினில் இருந்தார் என்பதற்கு மருத்துவமனைத் தாளில் ஒரு சொல்லும் இல்லை. ஓட்டுநர் வந்து சாட்சி சொன்ன பிறகே அந்த வாதம் விழுந்தது. அதற்குள் நான்கு ஆண்டுகள் ஓடிவிட்டன. அந்த ஓட்டுநர் பிழைத்திராவிட்டால் என்ன ஆகியிருக்கும் என்று அண்ணி இன்றும் கேட்கிறார்.

அந்த 'ஆர்.டி.ஏ. – லாரி'யைக் குறியீடாக்கினால் என்ன வரும் என்று தொழில் பழக்கத்தில் போட்டுப் பார்த்தேன். நம் நாட்டில் இறப்புக் காரணச் சான்றுகளை வகைப்படுத்த உதவுவதும் இந்தக் குறியீடுகளுக்கு அடிப்படையான, உலக சுகாதார நிறுவனத்தின் ஐ.சி.டி.-10 என்ற நோய், காய வகைப்பாட்டுப் பட்டியல்தான். 'லாரி விபத்து' என்று மட்டும் எழுதியிருந்தால், காயம்பட்டவர் அந்த லாரியில் இருந்தவர் என்றே கொள்ள வேண்டும் என்பது அதன் விதி. ஆகவே அண்ணனுக்கு வி69.9 கிடைக்கும்: லாரியில் இருந்த யாரோ ஒருவர், ஏதோ ஒரு விபத்து. லாரி இடித்துத் தள்ளிய டூவீலர்காரருக்கும் அவசரத்தில் இதே இரண்டு சொற்களை எழுதிவிட்டால், கணக்கில் அவரும் லாரிக்குள் ஏறிவிடுவார். அதையே 'லாரி மோதிக் காயம்' என்று எழுதினாலோ, அதே விதிகளின்படி அவர் பாதசாரி ஆகிவிடுவார். ஹெல்மெட் போட்டு வண்டி ஓட்டிவந்தவர் ஒரு தாளில் லாரிப் பயணியாகவும் இன்னொரு தாளில் நடந்துபோனவராகவும் மாறுவதற்குக் கோடரின் கவனக்குறைவு தேவையில்லை. கோடர் விதிப்படி நடந்தாலே போதும்.

பட்டியலின் மேலும் எனக்கு ஒரு குறை உண்டு. பம்பர், கூரை, படி ஆகியவற்றில் தொற்றிவருபவரைத்தான் அது 'வெளிப்புறத்தில் இருந்தவர்' என்கிறது. சரக்கு ஏற்றுவதற்கான இடத்தில் இருப்பவர் அதில் சேர மாட்டார். அதனால் கேபினில் பெல்ட் போட்டு உட்கார்ந்தவரும், பின்னால் கயிற்றைப் பிடித்துக்கொண்டு நின்றவரும் ஒரே 6-க்குள் அடங்கிவிடுகிறார்கள். களையெடுக்கவும் கரும்பு வெட்டவும் திருவிழாவுக்கும் ஆட்களை ஏற்றிச் செல்லும் நம் சாலைகளில் இந்த வேறுபாடு உயிருக்கும் சாவுக்குமான வேறுபாடு. வண்டியின் வகையிலும் இதே குழப்பம்தான். நம் சட்டப்படி மொத்த எடை 12,000 கிலோவைத் தாண்டினால்தான் கனரகச் சரக்கு வாகனம். குட்டி யானையும் 407-உம் அந்த வகையில் வராமல், பிக்கப், வேன்களுக்கான வி50 முதல் வி59 வரையிலான வரிசைக்குப் போக வேண்டியவை. ஊர்வாயில் 407 'மினி லாரி'. பதிவேட்டில் 'மினி' விடுபட்டால் கூலியாட்கள் கவிழ்ந்த வண்டி கனரக வாகனமாகிவிடும். பேருந்துக்கு வி70 முதல் தனி வரிசை. படிக்கட்டில் தொங்கிவந்த மாணவனுக்கு அங்கே 7 காத்திருக்கிறது, பதிவேட்டில் 'பஸ்' என்று மட்டும் எழுதினால் அந்த 7 வராது.

இரவு இரண்டு மணிக்கு ரத்தம் வழிய ஒருவரைக் கொண்டுவந்து போட்டால், மருத்துவர் உயிரைப் பிடித்து வைப்பாரா, எந்த இருக்கையில் இருந்தாய் என்று விசாரிப்பாரா என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. அதனால்தான் இந்த வேலையை மருத்துவரின் தலையில் கட்ட வேண்டாம் என்கிறேன். கொண்டுவந்து சேர்த்த 108 ஊழியரோ, வண்டிக்குள்ளிருந்து இறக்கிவிட்டவரோ ஒரே மூச்சில் சொல்லிவிடக்கூடியது இது: எந்த வண்டியில் இருந்தார், அதில் எங்கே இருந்தார், எது மோதியது, பொதுச் சாலையா அல்லது ஆலை வளாகம், குவாரி போன்ற இடமா. பதிவேட்டில் அச்சடித்த கட்டங்கள் இருந்தால் செவிலியரோ பதிவு எழுத்தரோ டிக் அடித்துவிடலாம். முதலில் தெரியவில்லை என்றால், நினைவு திரும்பியதும் நோயாளியிடம் கேட்டு, தேதியிட்டுச் சேர்க்க இடம் விட வேண்டும்.

விபத்தில் சிக்கியவருக்கு முதல் 48 மணி நேரச் சிகிச்சையை இலவசமாகத் தரும் 'இன்னுயிர் காப்போம்' திட்டத்தை 2021-இல் தொடங்கிய மாநிலம் இது. காவல், போக்குவரத்து, நெடுஞ்சாலை, சுகாதாரம் ஆகிய நான்கு துறைகளும் பதிவிடுவதற்காகச் சென்னை ஐ.ஐ.டி. உருவாக்கிய 'ஐராட்' என்ற சாலை விபத்துத் தரவுத்தளமும் நடைமுறையில் இருக்கிறது. புதிய திட்டமோ பெரிய செலவோ வேண்டியதில்லை. அடுத்த முறை ஏ.ஆர். புத்தகங்களை அச்சுக்கு அனுப்பும்போது, அங்க அடையாளங்களுக்கு விட்டிருக்கும் இரண்டு வரிகளுக்குக் கீழே இந்த நான்கு கேள்விகளுக்கும் இடம் ஒதுக்குமாறும், சரக்கு ஏற்றும் பகுதியில் பயணம் செய்தவர்களுக்கு ஐ.சி.டி. குறியீட்டோடு மாநில அளவில் ஓர் உட்குறி சேர்க்குமாறும் மக்கள் நல்வாழ்வுத் துறையைத் தங்கள் நாளிதழ் வழியாகக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
மெடிக்கல் கோடர் ஒருவர்,
திருச்சிராப்பள்ளி.