ஸயானில் எத்தனை நிமிடம்? ஒரு நாள் சுற்றுலா நடத்துவோருக்கு ஒரு திறந்த மடல்

லாஸ் வேகஸிலிருந்து ஸயான், பிரைஸ் கேன்யன் ஆகிய இரு தேசியப் பூங்காக்களுக்கும் ஒரே நாளில் பேருந்துச் சுற்றுலா நடத்தும் நிறுவனத்தாருக்கும், ‘ஊரிலிருந்து வந்திருக்கும் பெற்றோருக்கு ஏற்றது’ என்று அதனைத் தமிழில் விளம்பரம் செய்து இருக்கை விற்கும் முகவர்களுக்கும்,

வணக்கம்.

சென்ற கோடையில் என் பெற்றோருடன் உங்கள் பேருந்தில் வந்தவள் நான். அன்று நேர்ந்தவற்றை அந்த வாரமே உங்கள் அலுவலகத்துக்கு விரிவாக எழுதினேன். கருத்துக்கு நன்றி என்று ஒரு தானியங்கிப் பதில் வந்ததோடு சரி. இப்போது இந்த ஆண்டுக்கான விளம்பரம் வெளியாகியிருக்கிறது. அதே படங்கள், அதே வாசகங்கள், சற்றே கூடிய கட்டணம். தன் மாமனார் மாமியாரை அனுப்பலாமா என்று என் தோழி ஒருத்தி அந்த விளம்பரத்தை எனக்கு அனுப்பிக் கேட்டபோதுதான், இனியும் தனிக் கடிதம் எழுதிப் பயனில்லை என்று தோன்றியது.

என் கோரிக்கை ஒன்றே ஒன்றுதான். ஒவ்வொரு பூங்காவிலும் பயணி பேருந்திலிருந்து இறங்கி, நின்று, நடந்து, பார்ப்பதற்குக் கிடைக்கும் நேரம் எவ்வளவு என்பதை, பணம் கட்டும் பக்கத்திலேயே, விலையை அச்சிடும் அதே அளவு எழுத்தில் அச்சிடுங்கள்.

பாதையைப் பற்றி உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. லாஸ் வேகஸிலிருந்து ஸயானுக்கு ஏறத்தாழ 260 கிலோமீட்டர். அங்கிருந்து பிரைஸுக்கு ஏறத்தாழ 140. திரும்பி வர 400-க்கும் மேல். ஆக மொத்தம் 800 கிலோமீட்டர் ஓடும் பேருந்தில், பதினான்கு மணி நேரத்தில், பெரும்பகுதி ஜன்னலுக்கு உள்ளேயே கழியும் என்பது உங்கள் ஓட்டுநருக்குத் தெரியும், வழிகாட்டிக்குத் தெரியும், அட்டவணை போடுபவருக்கும் தெரியும். தெரியாமல் ஏறுபவர் பயணி மட்டுமே. லாஸ் வேகஸ் இருக்கும் நெவாடாவைவிட, இரு பூங்காக்களும் இருக்கும் யூட்டாவின் கடிகாரம் ஒரு மணி நேரம் முந்தியது என்பதுகூட விளம்பரத்தில் இல்லை. ஒன்பதேகால் மணிக்குப் போய்ச் சேர்ந்துவிட்டோம் என்று கைக்கடிகாரத்தைப் பார்த்து என் அப்பா மகிழ்ந்தபோது, ஸயானில் மணி பத்தேகால். வண்டி நிறுத்துமிடங்கள் அதற்கு வெகுநேரம் முன்பே நிரம்பிவிட்டிருந்தன. பூங்காவுக்குள் நிறுத்தம் நிறுத்தமாகச் சென்று திரும்பும் ஷட்டில் பேருந்துக்கான வரிசை, தடுப்புக் கம்பிகளுக்கிடையே மடங்கி மடங்கி வெயிலுக்குள் நீண்டிருந்தது.

வழிகாட்டி எங்களுக்குத் தந்தது ஒன்றரை மணி நேரம். பதினொன்றே முக்காலுக்கு இருக்கையில் இல்லாதவருக்காகப் பேருந்து காத்திருக்காது என்று ஒலிபெருக்கியில் இருமுறை சொன்னார். ஸயான் பள்ளத்தாக்குக்குள் செல்லும் சாலையில், ஷட்டில் ஓடும் மாதங்களில் தனியார் வாகனங்களுக்கு அனுமதியில்லை. 2000-ஆம் ஆண்டிலிருந்து அதுதான் நடைமுறை, நல்ல நடைமுறையும்கூட. அதனால் எங்களுக்கு உள்ளே செல்ல இருந்த வழி அந்த வரிசை மட்டுமே. அதில் அரை மணி நேரத்துக்குச் சற்றுக் குறைவாக நின்றோம். கோடையில் அந்தப் பள்ளத்தாக்கில் வெப்பம் 38 டிகிரி செல்சியஸைத் தாண்டுவது வழக்கம். நீங்கள் தந்த சிறிய தண்ணீர்ப் புட்டி வரிசையிலேயே தீர்ந்துபோனது. அம்மா சேலைத் தலைப்பை எடுத்துத் தலையில் போட்டுக்கொண்டு, முட்டியை மாற்றி மாற்றி ஊன்றி நின்றார். ஒரு வார்த்தை முணுமுணுக்கவில்லை.

ஷட்டிலில் ஏறி, ஐந்தாவது நிறுத்தமான ஸயான் லாட்ஜில் இறங்கினோம். அதற்கு மேல் போனால் திரும்ப முடியாது என்று நான் கணக்குப் போட்டிருந்தேன். புல்வெளியில் ஒரு பெரிய காட்டன்வுட் மரம். சாலைக்கு எதிர்ப்புறம், வர்ஜின் ஆற்றின் மேல் ஒரு நடைபாலம். இருபுறமும் அறுநூறு மீட்டர் எழுந்து நிற்கும் அந்தச் சிவந்த மணற்பாறையை அறுத்துப் பள்ளத்தாக்காக்கியது இந்தச் சிறிய ஆறுதான் என்று பேருந்தில் வழிகாட்டி சொல்லியிருந்தார். அதைக் கேட்டதிலிருந்து அம்மாவுக்கு அந்த ஆற்றைப் பார்க்க வேண்டும். சாலையோரம் வரை சென்று, “பாலம் வரைக்கும் போய்ட்டு வந்துடலாமா?” என்று கேட்டார். பாலம் கண்ணுக்கு எதிரே இருந்தது. ஆனால் திரும்பிச் செல்லும் ஷட்டிலுக்கும் ஒரு வரிசை இருந்தது, பேருந்து காத்திருக்காது என்ற எச்சரிக்கையும் காதில் இருந்தது. முட்டி வலியோடு அந்தத் தூரத்தைப் போய் வர அவருக்குப் பத்து நிமிடம் ஆகும்; அந்தப் பத்து நிமிடம் எங்களிடம் இல்லை. வேண்டாம் அம்மா என்றேன். சரி என்று திரும்பிவிட்டார். பதினாறாயிரம் கிலோமீட்டருக்கும் குறையாத தூரம் பறந்து வந்த ஒருவரை, ஓர் ஆற்றுக்குச் சில நூறு அடி இப்பால் நிறுத்தித் திருப்பி அழைத்துக்கொண்டு போனது உங்கள் அட்டவணை.

இதில் என்னை மிகவும் வருத்துவது உங்கள் விளம்பரப் படம். இருபுறமும் பாறைச் சுவர் நெருங்கி நிற்க, நடுவே ஓடும் ஆற்றில் மக்கள் கோலூன்றி நடக்கும் படம் அது. அந்த இடம் நேரோஸ். அங்கே செல்ல ஒன்பதாவது நிறுத்தமான டெம்பிள் ஆஃப் சினவாவா வரை ஷட்டிலில் போக வேண்டும். அதற்கே ஏறத்தாழ முக்கால் மணி நேரம். பிறகு ஆற்றோர நடைபாதையில் ஒன்றரைக் கிலோமீட்டருக்கு மேல் நடந்தால்தான் தண்ணீரில் இறங்கும் இடமே வரும். போக முக்கால் மணி, வர முக்கால் மணி. வரிசையே இல்லை என்று வைத்துக்கொண்டாலும், நீங்கள் தரும் ஒன்றரை மணி நேரம் ஷட்டிலின் இருக்கையிலேயே தீர்ந்துவிடும். உங்கள் சுற்றுலாவில் வரும் எவரும், இளைஞரே ஆனாலும், கால் வைக்க முடியாத இடத்தின் படத்தைக் காட்டிப் பணம் வாங்குகிறீர்கள். இதற்கு வேறு பெயர் வைக்க நான் விரும்பவில்லை. நேரத்தை அச்சிடுங்கள் என்று மட்டும் கேட்டுக்கொள்கிறேன். அச்சிட்டால் அந்தப் படத்தை நீங்களே எடுத்துவிடுவீர்கள்.

இவ்வளவுக்கும், ஒன்றரை மணி நேரத்தில் முதியவர்களுக்குச் செய்யக்கூடியது எதுவுமே இல்லையென்று சொல்வதற்கில்லை. பார்வையாளர் மையத்துக்கு அருகிலிருந்தே பாரூஸ் என்ற நடைபாதை தொடங்குகிறது. சக்கர நாற்காலியும் போகும்படி தளமிட்ட, பெரும்பாலும் சமதளமான பாதை. வர்ஜின் ஆற்றை ஒட்டியே செல்கிறது. வரிசையில் நிற்க வேண்டாம், ஷட்டில் வேண்டாம். “முட்டி வலி உள்ளவர்கள் இப்படி வாருங்கள், ஆற்றோரம் மெல்ல நடந்துவிட்டு வரலாம்” என்று ஒரு வாக்கியம் யாராவது சொல்லியிருந்தால், என் அம்மா அந்த ஆற்றை அருகிலிருந்து பார்த்திருப்பார். ஆண்டுதோறும் அங்கே பேருந்து கொண்டுபோய் நிறுத்தும் உங்களுக்கு இது தெரியாமல் இருக்க வழியில்லை. சொல்ல வேண்டுமென்று தோன்றவில்லை, அவ்வளவுதான்.

வழிகாட்டியை நான் குறை சொல்லவில்லை. கிராண்ட் கேன்யனின் உச்சியிலுள்ள பாறை அடுக்கே ஸயானின் அடிப்பாறை, ஸயானின் உச்சியே பிரைஸின் அடிப்பாறை, மூன்றும் சேர்ந்து ஒரு மாபெரும் படிக்கட்டு என்று அவர் விளக்கிய விதத்தில், உறங்கிக்கொண்டிருந்தவர்களும் எழுந்து உட்கார்ந்தார்கள். தான் நேசிக்கும் ஒன்றைக் காட்ட நேரமில்லாமல் காட்டிக்கொண்டிருந்தார் அந்த மனிதர்.

ஸயானிலிருந்து கிளம்பிய பின், வழியில் நினைவுப்பொருள் கடையோடு இணைந்த ஓர் உணவகத்தில் ஐம்பது நிமிடம் நிறுத்தினீர்கள். பிரைஸில் சன்செட் பாயின்ட் என்ற காட்சிமுனையில் தந்தது நாற்பது நிமிடம். 1928-இலிருந்து தேசியப் பூங்காவாகக் காக்கப்படும் ஓரிடத்துக்கு, சாவிக்கொத்தும் காந்தப் பொம்மையும் விற்கும் கடையைவிடக் குறைந்த நேரம்.

அந்த நாற்பது நிமிடத்திலும் ஒரு பகுதி மூச்சு வாங்குவதில் போனது. பிரைஸின் விளிம்பு 8,000 அடிக்கும் மேல்; ஊட்டியைவிட உயரம். காலையில் லாஸ் வேகஸின் தாழ்ந்த பாலைநிலத்தில் கிளம்பியவர்களை, பிற்பகலில் அவ்வளவு உயரத்தில் இறக்கிவிடும்போது, மெதுவாக நடங்கள், மூச்சிரைத்தால் உட்காருங்கள் என்று ஓர் எச்சரிக்கைகூட இல்லை. இரத்த அழுத்தத்துக்கு மருந்து உட்கொள்ளும் என் அப்பா, இளையவர்களோடு எட்டி நடந்து, கம்பி வேலியைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டார். பயந்துபோனேன். சற்றுத் தேறியதும் அவர் கீழே ஆயிரக்கணக்கில் நின்ற பாறைத் தூண்களைப் பார்த்தார். விரிசலுக்குள் பகலில் இறங்கும் நீர் இரவில் உறைந்து, விரிந்து, பாறையைப் பிளந்து பிளந்து உண்டான தூண்கள் அவை என்று அங்கிருந்த பலகையை எழுத்துக்கூட்டி வாசித்து அம்மாவுக்குச் சொல்லத் தொடங்கினார். பாதி வாசிக்கும்போதே பேருந்துக்குத் திரும்பும் நேரம் வந்துவிட்டது.

நீங்கள் சொல்லக்கூடிய பதில் எனக்குத் தெரியும்: இதுவரை முதியவர்கள் யாரும் குறை சொன்னதில்லை. உண்மைதான், சொல்ல மாட்டார்கள். பிள்ளைகள் செலவு செய்து அழைத்துக்கொண்டு போன இடத்தைக் குறை சொல்வது பிள்ளைகளைக் குறை சொல்வதாகும் என்று நினைக்கும் தலைமுறை அது. அன்றிரவு ஊருக்குத் தொலைபேசியில் பேசிய அம்மா, ரொம்ப நன்றாக இருந்தது என்றுதான் சித்தியிடம் சொன்னார். அந்தப் பொறுமையைத் திருப்தி என்று நீங்கள் கணக்கில் எழுதிக்கொள்கிறீர்கள். இது உங்கள் நிறுவனத்தோடு நிற்பதும் இல்லை. விசாவில் ஆறு மாதம் வந்து தங்கும் பெற்றோரை, எதைக் காட்டினாலும் மகிழ்ந்துவிடுவார்கள் என்ற எண்ணத்தில், இறங்கு, படமெடு, ஏறு என்று ஊர் ஊராக இழுத்துச் செல்லும் வியாபாரம் இந்நாடெங்கும் நடக்கிறது. அவர்களில் பலர் மீண்டும் ஒருமுறை இவ்வளவு தூரம் வரப் போவதில்லை என்பதை நாம் எல்லோரும் அறிவோம். அதனால்தான் கோபம் வருகிறது. கடுமையாக எழுதியிருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள், கோரிக்கைக்குத் திரும்புகிறேன்.

இந்த ஆண்டு நேரத்தைச் சொல்ல வேண்டிய தேவை முன்பைவிட அதிகம். சென்ற கோடையில், 1930-இல் திறக்கப்பட்ட ஸயான்–மவுண்ட் கார்மல் சுரங்கப்பாதை வழியாக, எதிரே வரும் வண்டிகளை நிறுத்திவைத்து நம் பேருந்தை அனுப்பினார்கள். 2026 ஜூன் 7 முதல் பெரிய வாகனங்களுக்கு அந்தச் சாலையில் அனுமதி இல்லை என்று பூங்கா நிர்வாகம் அறிவித்திருக்கிறது. ஆகவே பெரிய பேருந்துகள் சுற்றிக்கொண்டுதான் பிரைஸுக்குப் போக வேண்டும். அந்தக் கூடுதல் நேரத்தை எதிலிருந்து எடுக்கப் போகிறீர்கள்? உணவகத்தின் ஐம்பது நிமிடத்திலிருந்தா, பிரைஸின் நாற்பதிலிருந்தா? புதிய விளம்பரத்தில் விடை இல்லை.

கட்டணமும் முன்போல் இல்லை. அமெரிக்காவில் குடியிருக்காத, பதினாறு வயது நிரம்பியவர்கள் பதினொரு பூங்காக்களில் வழக்கமான நுழைவுக் கட்டணத்துக்கு மேல் 100 டாலர் செலுத்த வேண்டும் என்ற விதி 2026 ஜனவரி 1-இல் நடைமுறைக்கு வந்தது. ஸயான், பிரைஸ் இரண்டும் அப்பட்டியலில் இருக்கின்றன. அது உங்கள் கையில் இல்லை என்பதை அறிவேன். ஆனால் உங்கள் விளம்பரம் அழைப்பது துல்லியமாக அந்தப் பெற்றோரைத்தான். நுழைவுக்கு அவ்வளவு கொடுப்பவர்கள், உள்ளே எத்தனை நிமிடம் இருப்போம் என்று தெரிந்துகொண்டு கொடுக்கட்டும்.

எனவே மீண்டும், பணிவுடன்: ஸயானில் இத்தனை நிமிடம், அதில் ஷட்டில் பயணத்துக்கு ஆகக்கூடியது இத்தனை, பிரைஸில் இத்தனை நிமிடம், இடம் இவ்வளவு உயரம், உணவுக்கு இத்தனை. இவற்றை உண்மையாக அச்சிடுங்கள். அப்படி அச்சிட்ட பிறகும் இரு பூங்காக்களையும் ஒரே நாளில் பார்க்க விரும்புவோர் இருப்பார்கள். அறிந்தே வரும் அவர்களுக்கு நீங்கள் தாராளமாக விற்கலாம். நடக்க முடியாதவர்களுக்கு ஸயான் ஒன்றை மட்டும் ஒரு நாள் முழுவதும் காட்டும் சுற்றுலாவையும் வைத்தால், அதற்கு என் தோழியின் மாமனார் மாமியார் பெயரை நானே பதிவு செய்கிறேன்.

தமிழ்நாட்டில் பள்ளிகளுக்கு விடுமுறை விடும் மாதங்களில் பெற்றோர் வரத் தொடங்கிவிடுவார்கள். முன்பதிவுகளும் அதற்குமுன் குவியும். அதற்குள் விளம்பரத்தைத் திருத்த முடியுமா, முடியாதா என்று ஒரு மனிதர் கையெழுத்திட்ட பதிலை எதிர்பார்க்கிறேன்.

இப்படிக்கு,
சென்ற கோடையில் பெற்றோருடன் உங்கள் பேருந்தில் வந்த ஒரு பயணி