அரை மணி நேரம் போதாது, அரை நாள் வேண்டும்

ஆசிரியருக்கு வணக்கம்.

குளிர்கால விடுமுறையில் பிள்ளைகளோடு போய்வரக்கூடிய இடங்கள் என்று சென்ற இதழில் ஒரு பட்டியல் போட்டிருந்தீர்கள். வெட்டி எடுத்துக் குளிர்சாதனப் பெட்டிக் கதவில் ஒட்டி வைத்திருக்கிறேன். ஆனால் அதில் சூரிச் மிருகக்காட்சிச்சாலையின் மசோலா மழைக்காட்டு மண்டபத்துக்கு ஒரே ஒரு வரிதான் கிடைத்திருக்கிறது: உள்ளே வெக்கை, மிருகங்கள் அதிகம் கண்ணில் படாது, அரை மணி நேரம் போதும். இதைப் படித்துவிட்டு யாராவது அந்த மண்டபத்தைக் கடைசி அரை மணிக்குத் தள்ளிவிடப் போகிறார்களே என்ற கவலையில்தான் இந்தக் கடிதத்தை எழுதுகிறேன்.

நாங்களும் முதல் முறை அப்படித்தான் செய்தோம். யானை, சிங்கம் எல்லாம் பார்த்து முடித்து, கால் வலியோடு மண்டபத்துக்குள் நுழைந்து, ஒரு பெரிய ஆமையைப் பார்த்துவிட்டு வெளியே வந்துவிட்டோம். மகன் "ஒன்றுமே இல்லை" என்றான். நானும் அதை நம்பிவிட்டேன்.

இந்த விடுமுறையில் என் அம்மாவும் எங்களோடு வந்திருந்தார். எழுபது தாண்டியவர், முழங்கால் வலி உள்ளவர். இங்கே சுவிசுக்கு வந்து பல வருடமாகியும் டொச், அதாவது ஜெர்மன் மொழி, பேச வராது. வெளியில் போனால் எங்கள் பின்னால் நடந்து, நாங்கள் சிரித்தால் சிரித்து, திரும்பி வருவார். நடக்கச் சிரமம் என்பதால் மற்ற இடங்களை விட்டுவிட்டு நேரே மண்டபத்துக்குப் போனோம். சூரிச் நிலையத்திலிருந்து ஆறாம் இலக்க டிராம், கடைசித் தரிப்பிடம், அதன் பிறகு கொஞ்ச நடை. வெளியே தரையெல்லாம் பனி உறைந்து கிடந்தது.

கதவைத் தாண்டிய உடனே எல்லோருடைய கண்ணாடியும் புகை படிந்துவிட்டது. நாங்கள் ஜாக்கெட்டுகளைக் கழற்றிக்கொண்டிருக்க, அம்மா கண்ணாடியைக் கையில் பிடித்தபடி அசையாமல் நின்றார். அப்புறம் மெதுவாகச் சொன்னார்: "நீர்வேலியில வாழைத் தோட்டத்துக்குத் தண்ணி இறைச்சு விட்ட மாதிரி இருக்கு." யாழ்ப்பாணத்து நீர்வேலியைத்தான் சொன்னார். சொன்னது சரி. ஈர மண்ணும் மட்கிய இலையும் கலந்த அந்த மணம் எனக்கும் மூக்கில் ஏறியது. சின்ன வயதில் நாட்டை விட்டு வந்த எனக்கு அந்த மணம் நினைவில் இருக்கிறது என்பதே அன்றுதான் தெரியும்.

மகள் கேட்டாள், "அம்மம்மா, இது உங்கட ஊரா?" அம்மா சிரித்தார். "இல்லைப் பிள்ளை. எங்கட ஊர் பனையும் கிணறும். இப்பிடிக் காட்டை நானும் இப்பத்தான் பாக்கிறன்." இந்தப் பதில் எனக்கு மிகவும் பிடித்தது. வெக்கையான நாடு என்றால் எல்லாம் காடு என்று இங்கே பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் நினைத்துக்கொள்கிறார்கள். இலங்கையில் மழைக்காடு என்றால் தெற்கே சிங்கராஜா பக்கம். யாழ்ப்பாணத்துக்காரருக்கு அது படத்தில் பார்த்த இடம். ஆகவே அன்று பாட்டிக்கும் பேரப்பிள்ளைகளுக்கும் காடு ஒரே அளவு புதிது.

ஆனால் ஒரு மரத்தை அம்மா தூரத்திலேயே அடையாளம் கண்டுவிட்டார். விசிறி வாழை. ஓலைகள் எல்லாம் ஒரே தளத்தில், மயில் தோகை விரித்ததுபோல் நிற்குமே, அது. யாழ்ப்பாணத்தில் கந்தோர்களின் (அலுவலகங்களின்) முன்னால் அழகுக்கு வைத்திருப்பார்கள். அதன் சொந்த ஊர் மடகாஸ்கர் என்று அங்கே யாரும் எங்களுக்குச் சொன்னதில்லை. மண்டபம் முழுவதும் மடகாஸ்கரின் வடகிழக்கில் உள்ள மசோலா தீபகற்பத்துக் காட்டை ஒத்தபடி அமைந்தது. 2003 இல் திறந்தார்கள். 11,000 சதுர மீட்டர் பரப்பு, உச்சியில் 30 மீட்டர் உயரம். கூரை கண்ணாடி இல்லை. காற்று அடைத்த தெளிவான பிளாஸ்டிக் தலையணைகள். கண்ணாடி தடுத்துவிடும் புற ஊதாக் கதிரை அவை உள்ளே விடுகின்றன, செடிக்கும் ஓணானுக்கும் அது தேவை. அன்று அந்தத் தலையணைகளின் மேல் பனி கிடந்தது. அதற்கு நேர் கீழே விசிறி வாழை நின்றது. அண்ணாந்து பார்த்து அம்மா "பாவம், அதுக்குத் தெரியாது" என்றார்.

பிள்ளைகளும் கணவரும் மரக்கிளைகளின் உயரத்தில் போகும் பாதைக்கு ஏறிப் போனார்கள். படிகள் அதிகம், ஆகவே நானும் அம்மாவும் தண்ணீர் ஓரம் ஒரு வாங்கில் (பெஞ்சில்) இருந்துவிட்டோம். அரை மணியில் ஏன் ஒன்றும் தெரியாது என்பது அங்கே இருந்தபோதுதான் விளங்கியது. விலங்குகள் கூட்டில் இல்லை. அவை நினைத்த இடத்தில் இருக்கும், நினைத்தபோது வரும். நடந்துகொண்டும் பேசிக்கொண்டும் போகிறவர்களை அவை விலகிப் போகின்றன. நான் எழும்பித் தேடப் போனபோது அம்மா கையைப் பிடித்து இருத்தினார். "பேசாம இரு. தானா வரும்."

வந்தது. முதலில் எங்கள் காலடியில் சருகைக் கிளறிக்கொண்டு ஒரு சின்னப் பறவை. பிறகு தலைக்கு மேலே பழந்தின்னி வௌவால்கள், கறுத்த குடைகளை மடித்துத் தொங்கவிட்டதுபோல. ஊரில் கோயில் மரத்தில் தொங்கும் வௌவாலைப் பற்றி அம்மா சொல்லிக்கொண்டிருந்தபோது, வாங்கின் பக்கத்துச் செடியில், என் முழங்கைக்கு ஒரு முழ தூரத்தில், பச்சோந்தி ஒன்று இருப்பதைக் கண்டேன். எவ்வளவு நேரமாக இருந்ததோ தெரியாது. அதன் ஒரு கண் எங்களையும் மற்றக் கண் பின்னால் பறந்த பூச்சியையும் பார்த்தது. பாதம் இரண்டாகப் பிரிந்து குறடுபோல் கிளையைக் கவ்வியிருந்தது. ஒரு காலைத் தூக்கி, காற்றில் முன்னும் பின்னும் ஆடி, நெடுநேரம் கழித்துத்தான் அடுத்த இடத்தில் வைத்தது. ஒரு சாண் தூரம் போக அதற்குப் பத்து நிமிடம் எடுத்தது. அந்தப் பத்து நிமிடமும் நானும் அம்மாவும் ஒரு வார்த்தை பேசவில்லை.

பிள்ளைகள் மேலிருந்து ஓடி வந்தபோது லெமூர்கள், குரங்குபோல மரத்தில் வாழும் மடகாஸ்கர் விலங்குகள், கத்தத் தொடங்கின. சிவப்பு வாரி என்று டொச்சில் சொல்லும் இனம். ஒன்று தொடங்க மற்றவையும் சேர்ந்து, மண்டபமே அதிரும்படி குரைத்தன. மகன் "அஃபே!" என்று குரங்கைக் காட்டுவதுபோல் கை நீட்டினான். அம்மா ஒரு செம்மஞ்சள் வாலை இலைகளுக்கிடையே கண்டு, "தேவாங்கு மாதிரி எல்லோ இருக்கு" என்றார். வீட்டுக்கு வந்து தேடிப் பார்த்தேன். எங்கள் தேவாங்கும் மடகாஸ்கர் லெமூரும் உண்மையாகவே உறவுக்காரர், ஒரே பிரிவைச் சேர்ந்தவை. விசிறி வாழையின் கெட்டியான பூமடலைத் திறந்து தேன் குடித்து, மூக்கில் ஒட்டிய மகரந்தத்தை அடுத்த மரத்துக்குக் கொண்டுபோவதும் இந்த வாரி வகை லெமூர்களே. கந்தோர் வாசலில் தனியாக நின்ற மரத்துக்கு இப்படி ஒரு துணை உண்டென்று அம்மாவுக்குச் சொன்னபோது, அவர் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும்.

சிவப்பு வாரிக்கு இந்த உலகத்தில் இருக்கும் காடு மசோலாவும் அதை ஒட்டிய பகுதியும்தான். அங்கே 1997 இல் சுமார் 2,300 சதுர கிலோமீட்டர் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டது. மசோலா உட்பட மடகாஸ்கரின் கிழக்கு மழைக்காடுகளை 2007 இல் யுனெஸ்கோ உலக மரபுரிமையாக ஏற்றது. ஆனால் விலை உயர்ந்த ரோஸ்வுட் மரத்துக்காகக் களவாக வெட்டியதால் 2010 இல் ஆபத்தில் உள்ள இடங்களின் பட்டியலில் சேர்த்தார்கள். 2025 இல்தான் அதிலிருந்து எடுத்தார்கள். சூரிச் மிருகக்காட்சிச்சாலை அந்தப் பூங்காவுக்கு ஆண்டுதோறும் பணம் கொடுத்து வருகிறது. நாங்கள் வாங்கும் நுழைவுச்சீட்டு ஒரு உண்மையான காட்டோடு தொடர்புள்ளது என்று பிள்ளைகளுக்குச் சொல்லலாம். உங்கள் பட்டியலில் இந்த ஒரு தகவலாவது வந்திருக்க வேண்டும்.

மடகாஸ்கரில் பயிராகும் வனிலாவைப் பற்றியும் ஒரு வார்த்தை. கேக் செய்யும்போது சின்னப் போத்தலில் ஊற்றும் எசன்ஸ்தான் அம்மாவுக்குத் தெரிந்த வனிலா. அது ஓர் ஓர்க்கிட் கொடியின் காய் என்பதை அவரால் நம்ப முடியவில்லை. மெக்சிகோவிலிருந்து வந்த கொடி அது. மடகாஸ்கரில் அதற்கு மகரந்தம் சேர்க்கும் பூச்சி இல்லை. ஒவ்வொரு பூவையும் அது விரியும் அந்த ஒரு நாளிலேயே மனிதர் கையால் தொட்டுச் சேர்க்க வேண்டும். 1841 இல் ரெயூனியன் தீவில் அந்த வழியைக் கண்டுபிடித்தவன் எட்மண்ட் அல்பியுஸ், பன்னிரண்டு வயது அடிமைச் சிறுவன். என் மகனுக்கும் பன்னிரண்டு வயது. அன்று வீட்டுக்குத் திரும்பும் டிராமில் அவன் கேட்ட கேள்விகள் எல்லாம் அந்தச் சிறுவனைப் பற்றியவை.

இன்னொன்று. என் பிள்ளைகளுக்கு "றேகன்வால்ட்" தெரியும், "மழைக்காடு" தெரியாது. தேவாங்கு, விசிறி வாழை, குறடு, சருகு எல்லாம் அன்று அம்மம்மாவின் வாயிலிருந்து கேட்டுப் படித்த சொற்கள். இன்றுவரை மறக்கவில்லை. சனிக்கிழமைத் தமிழ்ப் பாடசாலைகள் வருடத்தில் ஒரு நாள் வகுப்பறையை இந்த மண்டபத்துக்கு மாற்றலாமே. பாட்டி தாத்தாக்களையும் கூட்டிக்கொண்டு போகட்டும். வழமையாகப் பிள்ளைகள்தான் அவர்களுக்கு மொழிபெயர்ப்பார்கள். அங்கே அவர்கள் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுப்பார்கள். அம்மா அன்று எங்களுக்கு முன்னால் நடந்தார்.

போகிறவர்களுக்கு: திறந்த உடனே போங்கள், சனம் குறைவு. உள்ளே மெல்லிய உடுப்பு போதும். கமெரா வில்லையிலும் ஆவி படியும், அது தெளியும்வரை படம் எடுக்க அவசரப்பட வேண்டாம். முதியவர்கள் இருக்க வாங்கு உண்டு, முதலில் அங்கேயே இருந்துவிடுங்கள்.

அடுத்த இதழில் இடம் இருந்தால், அந்த வரியில் "அரை மணி" என்பதை "அரை நாள்" என்று திருத்தி வெளியிடும்படி கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாசகி
சூரிச் மாநிலம்