நாராயண பிள்ளையின் சூளை

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சிங்கப்பூரின் தொடக்க காலத் தமிழர்களைப் பற்றித் தங்கள் இதழில் வந்த கட்டுரையை இரண்டு முறை படித்தேன். சௌத் பிரிட்ஜ் சாலை மாரியம்மன் கோயிலை 1827-இல் எழுப்பியவர் என்று நாராயண பிள்ளையைப் போற்றிய கட்டுரையாளர், அவருடைய செங்கல் சூளையை ஒரே வரியில் கடந்துவிட்டார். பாலாற்றங்கரையில் முப்பது ஆண்டுகள் சூளை போட்டவன் என்ற முறையில், அது எனக்குப் பெருங்குறையாகப் படுகிறது.

1819 மே மாதம், சிங்கப்பூரில் ஆங்கிலேயர் குடியேற்றத்தைத் தொடங்கிய ராஃபிள்ஸ் இரண்டாம் முறையாகச் சிங்கப்பூர் சென்றபோது, பினாங்கிலிருந்து உடன் கப்பலேறியவர் பிள்ளை. அப்போது குடியேற்றம் தொடங்கிச் சில மாதங்களே ஆகியிருந்த அந்த ஊரில், ஐந்தாண்டு கழித்து 1824 கணக்கெடுப்பின்போது 10,683 பேர் இருந்தார்கள். இத்தனை பேருக்கு வீடும் கிடங்கும் வேண்டியிருக்கும் என்பதை முன்பே கணித்த பிள்ளை, தஞ்சோங் பகாரில் சூளை அமைத்து, கொத்தனார்களையும் தச்சர்களையும் பினாங்கிலிருந்து வரவழைத்தார். அறுத்து வைத்த பச்சைக்கல், அதாவது சுடாத செங்கல், காயும் முன்பே மழை பிடித்துக்கொண்டால், பத்து நாள் உழைப்பு மீண்டும் சேறாகிவிடும். அதற்கு அஞ்சித்தான் நாங்கள் தை பிறந்த பிறகு கல் அறுக்கத் தொடங்கி, ஆனியோடு நிறுத்திக்கொள்வோம். ஆண்டு முழுவதும் மழை பெய்யும் ஊரில், பழகாத மண்ணைக் குழைத்து அவர் கல் சுட்டிருக்கிறார்!

துணி வணிகத்திலும் இறங்கிய அவருடைய கடை 1822-இல் தீக்கிரையாகி, கடன் மட்டுமே மிஞ்சியது. ராஃபிள்ஸிடம் முறையிட்டு, வணிகச் சதுக்கத்தில் இடம் பெற்று, மீண்டும் தலையெடுத்தார். இன்னொன்றையும் சொல்ல வேண்டும்: சூளை வைத்திருந்த அவர் 1827-இல் எழுப்பிய கோயில், மரமும் அத்தாப்பு என்ற பனைவகை ஓலையும் கொண்டு கட்டப்பட்டதுதான். செங்கல் கட்டடம் பின்னர் வந்தது.

2019-இல் சிங்கப்பூர் ஆற்றங்கரையில், ராஃபிள்ஸ் சிலைக்கு அருகே பிள்ளையின் சிலையையும் சில காலம் நிறுத்திச் சிறப்பித்தார்கள். கட்டட வேலைக்காக அங்கே சென்றிருக்கும் என் தங்கை மகன், விடுமுறை நாள்களில் அந்தக் கோயிலுக்குப் போவதாகச் சொல்வான். அதைக் கட்டியவர் பெயரை நான் சொல்லித்தான் தெரிந்துகொண்டான். எங்கள் பக்கத்திலிருந்து இன்றும் அவனைப் போல எத்தனையோ பிள்ளைகள் செல்கிறார்கள். ஆகவே, நாராயண பிள்ளையின் தொழில் வாழ்க்கையை மட்டும் எடுத்துக்கொண்டு, மண், ஆள், கடன் ஆகியவற்றை அவர் சமாளித்த விதத்தை விரிவாக விளக்கும் தனிக் கட்டுரை ஒன்றை வெளியிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
பழைய சூளைக்காரர் ஒருவர்,
காட்பாடி, வேலூர் மாவட்டம்.