நைலில் பணத்தை நிறுத்திப் பார்த்தாகிவிட்டது

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். நைல் நதியில் எத்தியோப்பியா கட்டிய பெரிய அணையால், நதியின் கீழ்ப்பகுதியிலுள்ள எகிப்து, சூடான் நாடுகளுடன் எழுந்த தகராறு குறித்துச் சென்ற இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். உதவி தரும் நாடுகள் கையை இறுக்கினால் எத்தியோப்பியா வழிக்கு வந்துவிடும் என்கிறார் கட்டுரையாளர். கையை இறுக்கிப் பார்த்தாகிவிட்டது. பலன் கிடைக்கவில்லை.

2020 செப்டம்பரில், ஒப்பந்தம் இல்லாமலே அணையை நிரப்பத் தொடங்கியதற்காக, எத்தியோப்பியாவுக்கான சுமார் 10 கோடி டாலர் உதவியை அமெரிக்கா நிறுத்தியது. அமெரிக்கா எகிப்தின் பக்கம் சாய்ந்துவிட்ட நடுவர் என்ற எண்ணம்தான் எத்தியோப்பியாவில் வலுத்தது. அந்த அணைக்கான பணத்தில் பெரும்பங்கு உள்நாட்டில் திரட்டியது. அரசு ஊழியர்கள் மாதச் சம்பளத்தைக் கொடுத்தார்கள். சாதாரண மக்கள் கடன்பத்திரம் வாங்கினார்கள். வயிற்றைக் கட்டிச் சேர்த்த காசில் எழுந்த சுவரை வெளியார் பணத்துக்காக யார் விட்டுக்கொடுப்பார்கள்? அடுத்து வந்த அமெரிக்க அரசே 2021 பிப்ரவரியில் உதவியையும் அணையையும் முடிச்சுப் போடுவதைக் கைவிட்டது. 2025 செப்டம்பரில் அணை திறப்பு விழாவும் நடந்தது. ஒப்பந்தம் மட்டும் இன்றுவரை இல்லை.

எல்லைத் தகராறிலும் இதே கதைதான். 1962 சீனப் போருக்குப் பின் ஆயுத உதவி கேட்டு நின்ற இந்தியாவை, காஷ்மீர் பற்றிப் பாகிஸ்தானுடன் பேசும்படி அமெரிக்காவும் பிரிட்டனும் நெருக்கின. இந்திய அமைச்சர் ஸ்வரண் சிங்கும் பாகிஸ்தான் அமைச்சர் பூட்டோவும் ஆறு சுற்றுப் பேசினார்கள். ஒன்றும் தேறவில்லை.

பாசனத் துறையில் 30 ஆண்டு வேலை பார்த்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: பணம் நதிப் பிணக்கைத் தீர்த்ததும் உண்டு. இந்தியாவும் பாகிஸ்தானும் 1960-இல் செய்துகொண்ட சிந்து நதி ஒப்பந்தத்தில், நடுவில் நின்ற உலக வங்கி யாரிடமிருந்தும் எதையும் பிடுங்கவில்லை. கிழக்கு நதிகள் மூன்றும் இந்தியாவுக்குப் போனால் பாகிஸ்தானின் வயல்களுக்குத் தண்ணீர் எங்கிருந்து வரும் என்பதுதான் அன்று முட்டுக்கட்டை. பாகிஸ்தானுக்கு ஒதுக்கிய மேற்கு நதிகளிலிருந்து இணைப்புக் கால்வாய் வெட்டவும் மங்களா அணை கட்டவும் பல நாடுகளிடம் நிதி திரட்டப்பட்டது. இந்தியாவும் 6 கோடியே 20 லட்சம் பவுண்டு தந்தது. போர் நடந்த 1965-இலும் தவணை தவறவில்லை. 2025-இல் இந்தியா அந்த ஒப்பந்தத்தை நிறுத்திவைத்தது உண்மைதான். அதற்குமுன் மூன்று போர்களைத் தாண்டி அது நின்றது.

நைலில் இன்று தீராமல் கிடப்பவை, தொடர் வறட்சியில் எவ்வளவு நீர் திறப்பது, அன்றாடத் திறப்பை எப்படித் தெரிவிப்பது போன்ற கேள்விகள். 2020 ஜூலையில் எத்தியோப்பிய எல்லையோரம் இருக்கும் தன் அளவுநிலையத்தில் வரத்து ஒரு நாளைக்கு 9 கோடி கனமீட்டர் குறைந்ததைப் பார்த்துத்தான் மேலே மதகு மூடப்பட்டதைச் சூடான் தெரிந்துகொண்டது. எத்தியோப்பிய அணைக்குக் கீழே சூடானில் இருக்கும் ரொசைரஸ் அணையை இயக்கும் பொறியாளருக்கு மேலிருந்து வரும் தினசரிக் கணக்கு வேண்டும். உதவி தரும் நாடுகள் அந்த அளவுநிலையங்களுக்கும் தகவல் தொடர்புக்கும் செலவு செய்யட்டும். அடுத்த கட்டுரையை ரொசைரஸிலிருந்து தொடங்கும்படி கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற பாசனப் பொறியாளர்,
கும்பகோணம்