ஏழு சாகா விதைகள்

ஜெலுத்தோங், பினாங்கு

அன்புள்ள நண்பா,

கடிதம் கிடைத்தது. செந்தூலில் புது வீடு எல்லாருக்கும் பிடித்திருக்கிறது என்று எழுதியிருந்தாய், மகிழ்ச்சி. அம்மாவின் முட்டிவலி எப்படி இருக்கிறது? மறக்காமல் எழுது.

இங்கே எல்லாரும் சுகம். ஆனால் போன ஞாயிற்றுக்கிழமை என் மகளிடம் ஒரு தப்புப் பண்ணிவிட்டேன். உன்னிடம் சொல்லாமல் வேறு யாரிடம் சொல்வேன்?

பாட்டி வைத்திருந்த சொங்காக் பலகையை இறக்கினேன். நம் பள்ளாங்குழி மாதிரிதான், பக்கத்துக்கு ஏழு குழி, இரு முனையிலும் ஒவ்வொரு வீடு. முழு ஆட்டத்துக்கு 98 விதை வேண்டும். நாலரை வயசுக்கு அது தாங்காது என்று, பூங்காவில் அவளே பொறுக்கிய, சாகா மரத்தின் சிவப்பு விதைகளை ஆளுக்கு ஏழாகத் தரையில் வரிசை வைத்தேன். அவள் வரிசை நெருக்கமாக அமைந்துவிட்டது, என்னுடையது கொஞ்சம் அகலமாக.

"அப்பாவுக்குத்தான் நிறைய" என்றாள்.

எண்ணச் சொன்னேன். ஒவ்வொரு விதையாக விரல் வைத்து இரண்டு வரிசையிலும் ஏழு, ஏழு என்று சரியாக எண்ணினாள். "இப்ப சமம்தானே?" என்றேன். "இல்ல, அப்பாவுக்குத்தான் நிறைய."

அடம் பிடிக்கிறாள் என்று நினைத்து, "பொய் சொல்லாதே" என்று அதட்டிவிட்டேன். அவள் அழவில்லைடா. ஒரு விதையை உள்ளங்கையில் இறுக்கிக்கொண்டு என் முகத்தையே பார்த்தாள். கீழுதடு மட்டும் துடித்தது.

ராத்திரி அக்காவிடம் போனில் சொன்னேன். பாலர் பள்ளியில் அத்தனை வருஷம் பாடம் நடத்தியவள் அல்லவா! பிள்ளைகள் எப்படி யோசிக்கிறார்கள் என்று ஆராய்ந்த சுவிட்சர்லாந்துக்காரர் பியாஜே இதே மாதிரி வரிசைகளை வைத்துப் பிள்ளைகளிடம் கேட்டுப் பார்த்திருக்கிறாராம். ஆறேழு வயசு வரைக்கும் பல பிள்ளைகளுக்கு, எண்ணத் தெரிந்திருந்தாலும், நீளமான வரிசையில்தான் அதிகம் இருப்பதாகப் படுமாம். கண்ணுக்குத் தெரிந்ததை அப்படியே சொன்ன பிள்ளையைப் போய்ப் பொய் சொல்கிறாய் என்றேனே! அன்றைக்கு எனக்குத் தூக்கமே வரவில்லை.

காலையில் அவளைத் தூக்கி மடியில் வைத்து, "அப்பா தப்பாச் சொல்லிட்டேன், நீ பொய் சொல்லல" என்றேன். தலையை மட்டும் ஆட்டினாள்.

நேற்று அவளே பலகையைத் தூக்கி வந்தாள். தன் ஏழு விதையைக் குவித்து வைத்தாள். என்னுடையதை ஒவ்வொன்றாக நகர்த்தி, சோபாக் கால் வரைக்கும் நீட்டி வைத்தாள். "அப்பாவுக்கு நிறைய குடுத்திருக்கேன்" என்றாள்.

தைப்பூசத்துக்குத் தண்ணீர்மலைக்கு வருவாய்தானே? பிள்ளைகளையும் கூட்டி வா.

அன்புடன்,
உன் பழைய பெஞ்சுக்காரன்