படம் முடிஞ்சிருச்சு: பாம்பன், மண்டபம், கீழக்கரை சனங்களுக்கு ஒரு நன்றி மடல்

சென்சார் சான்றிதழ் கைக்கு வந்துவிட்டது, கடலுக்குள் மூழ்கிக் கடல்பாசி எடுக்கும் பெண்ணைப் பற்றி நான் எழுதி இயக்கிய இந்தப் படத்தில் இனி நினைத்தபடி ஒரு ஃப்ரேம்கூட மாற்ற முடியாது. போஸ்டர், பேட்டி, டிரெய்லர் என்று ஆரம்பித்துவிட்டால் எனக்கு உட்கார்ந்து எழுத நேரம் இருக்காது. மேடையில் நின்று நன்றி சொன்னாலும் மறுநாள் பேப்பரில் வருவது தயாரிப்பாளர் பெயரும் கதாநாயகி பெயரும்தான். அதனால் இப்போதே எழுதிவிடுகிறேன். இது முதலில் ராமநாதபுரம் கடற்கரைக்காரர்களுக்கு. சென்னையில் சிலருக்கும் சொல்ல வேண்டியது இருக்கிறது, அவர்கள் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளட்டும்.

பாசி எடுக்கும் அக்காமாருக்குத்தான் முதல் நன்றி. என்னை உங்களுக்கு டிவி சீரியல் கொடுமைக்கார அண்ணியாகத்தான் தெரியும். பாம்பன் பக்கம் சின்னப்பாலத்துக் கரையில் ஒரு பாட்டி என் கையைப் பிடித்துக்கொண்டு "அந்தப் புள்ளைய ஏந்த்தா இந்தப் பாடு படுத்துற?" என்று நிஜமாகவே சண்டைக்கு வந்தார். நான் உச்சிப்புளிப் பக்கம் பிறந்தவள், இன்னார் மகள் என்று சொன்ன பிறகுதான் சமாதானம் ஆனார், அப்போதும் முழுசாக இல்லை.

திரைக்கதையை உங்களிடம் வாசித்துக் காட்டியதே குறை சொல்லுங்கள் என்று கேட்கத்தான். நீங்களும் குறை வைக்காமல் சொன்னீர்கள். காயப்போட்ட பாசியில் கல்லும் சிப்பியும் பொறுக்கிக்கொண்டே கேட்பீர்கள், யாரும் தலை நிமிர மாட்டீர்கள், ஆனால் ஒரு வரி தப்பாது. கதாநாயகி கடலுக்குள் தோழியிடம் தன் கல்யாணக் கதையைச் சொல்கிற காட்சி வந்ததும் ஓர் அக்கா, "தண்ணிக்குள்ள வாயத் தொறந்தா உப்புத் தண்ணிதான் உள்ள போகும், இம்புட்டையும் எப்பத்தா பேசுவா?" என்று கேட்டார். இன்னொருவர், அந்தப் பேச்செல்லாம் வள்ளத்தில் திரும்பி வரும்போதுதான் நடக்கும், அப்போதும் குளிரில் பல் கிட்டிக்கொண்டிருப்பதால் ஒரு வாக்கியத்துக்கு மேல் யாரும் பேச மாட்டோம் என்றார். அந்த ஒரு வாக்கியம் என்ன என்று கேட்டேன். நீங்கள் சொன்னதுதான் இப்போது படத்தில் இருக்கிறது. எடிட்டிங் அறையில் பார்த்த எல்லோரும் அந்த வசனத்தைத்தான் முதலில் பாராட்டுகிறார்கள், நான் எழுதவில்லை என்று ஒவ்வொருவரிடமும் சொல்லி வாய் வலிக்கிறது.

அதனால்தான் டைட்டிலில் வசனம் என்று வரும் கார்டில் என் பெயருக்குப் பக்கத்தில் உங்கள் பெயர்களும் வரும். 'நன்றி' என்று கடைசியில் பொடி எழுத்தில் ஓடும் பட்டியலில் போடவில்லை, அதை யாரும் படிப்பதில்லை, அதற்குள் தியேட்டரில் லைட் போட்டுவிடுவார்கள். இது தானம் இல்லை. சீரியலில் நடித்துக்கொண்டிருந்த காலத்தில் வசன பேப்பர் வந்து சேராத நாட்களில் நானே உட்கார்ந்து காட்சிகளை எழுதிக் கொடுத்திருக்கிறேன், வருஷக்கணக்கில். அடுத்த வாரம் எபிசோடு ஓடும்போது இன்னொருவர் பெயர் வரும். நடிக்கத் தெரிந்தவளுக்கு எழுதவும் தெரியும் என்று சொன்னால் யூனிட்டே சிரிக்கும். அந்த எரிச்சல் எனக்கு இன்னும் போகவில்லை, அதை அடுத்தவருக்குச் செய்யவும் எனக்கு மனசு வராது.

கதாநாயகியாக நடித்த பெண் சென்னையில் நீச்சல் குளத்தில் பழகிவிட்டு வந்தவள். அவளைப் பாசிக்காரியாக்கியது நீங்கள்தான். பாறை கிழிக்காமல் இருக்க விரலுக்கு விரல் துணி சுற்றுகிறீர்களே, அதை ஒரு கையால் சுற்றி, முடிச்சை மறு கையால் இழுக்க முடியாமல் பல்லால் கடித்து இழுக்க வேண்டும். அதை அவளுக்குப் பொறுமையாகச் சொல்லிக்கொடுத்தீர்கள், படத்தில் அதற்கு ஒரு குளோசப் இருக்கிறது, வசனமே கிடையாது. காலில் கட்டும் தகடு, கண்ணாடி, இடுப்பில் கட்டும் வலைப்பை எல்லாம் உங்களுடையவை. காஸ்ட்யூம் தம்பி புதுச் சட்டைகளைத் தேயிலைத் தண்ணியில் முக்கிப் பழசாக்கிக்கொண்டு வந்தான். நீங்கள் அதைப் பார்த்துச் சிரித்துவிட்டு, உப்பேறி வெளுத்த உங்கள் சட்டைகளைக் கொடுத்துவிட்டுப் புதுசை வாங்கிக்கொண்டீர்கள். இரண்டு தரப்புக்கும் லாபம்.

அமாவாசையை ஒட்டி ஆறு நாள், பௌர்ணமியை ஒட்டி ஆறு நாள், மாதத்தில் அந்தப் பன்னிரண்டு நாள்தான் உங்களுக்குப் பாசி. சினிமாக்காரர்கள் வந்தால் ஊர் அவர்களுக்காகக் காத்திருக்க வேண்டும் என்பது எங்கள் தொழிலில் எழுதாத விதி. இந்த முறை காலண்டரை நீங்கள் போட்டீர்கள், நாங்கள் அதன்படி வந்தோம். வெளியூர் ஆட்கள் யாராவது உங்களைப் பாவம் என்று பார்த்தால் எனக்குக் கோபம் வருகிறது. இதே சின்னப்பாலத்திலிருந்து பாசி எடுக்கும் லட்சுமி அம்மா 2015-ல், தீவுகளின் இயற்கையைக் காக்கிறவர்களுக்குக் கொடுக்கும் சீகாலஜி என்ற சர்வதேச விருதை வாங்கியவர். கடலுக்கு ஓய்வு விட வேண்டும் என்பதை எங்கள் யூனிட்டில் படித்தவர்களைவிட நீங்கள் தெளிவாகப் பேசினீர்கள்.

மன்னார் வளைகுடாவின் 21 தீவுகளும் 1986-லிருந்து தேசியப் பூங்கா, கேமராவைத் தூக்கிக்கொண்டு அங்கே இறங்க முடியாது. சரி, தீவுக் காட்சியை எங்கே எடுப்பது? கரையோரத்திலேயே தீவு மாதிரி தெரிகிற ஒரு திட்டைக் காட்டிக் கொடுத்த மண்டபத்து வள்ளக்கார அண்ணனுக்கு என் கும்பிடு. அண்ணே, நீங்கள் இல்லையென்றால் பாதி நாள் யூனிட் சும்மா உட்கார்ந்து சோறு தின்றிருக்கும். கச்சான் என்கிற தென்மேற்குக் காற்று கிளம்பித் தென்கடல், அதாவது மன்னார் வளைகுடா, புரண்டுகொண்டிருந்தபோது, கேமராமேன் தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டார். நீங்கள் பீடியைக் கீழே போட்டுவிட்டு "வடகடலு குளம் மாதிரி கெடக்கு, வாங்க" என்று பாக் விரிகுடாப் பக்கம் கூட்டிப்போனீர்கள். தெற்கே சீறினால் வடக்கே அடங்கும், வாடைக் காற்றுக் காலத்தில் அது தலைகீழ், பாம்பன்காரர்களுக்கு இது பாலபாடம். ஆனால் வடகடல் தண்ணி கலங்கல், தென்கடல் கண்ணாடி, இரண்டும் ஒரே காட்சியில் ஒட்டாதே என்று கேமராமேன் புலம்பினார். முகங்களை வடக்கிலும் தண்ணிக்கடியில் நடப்பதைத் தெற்கிலும் எடுத்து ஒட்டினோம். தெரிந்தவர் மட்டும் கண்டுபிடிப்பார்கள், கண்டுபிடித்தால் வெளியே சொல்லாதீர்கள்.

ஒலிப்பதிவுக்கு அந்தக் காற்றே எதிரி. தண்ணியிலிருந்து மேலே வந்ததும் விடுகிற அந்த நீள மூச்சு, அதைச் சென்னை டப்பிங் தியேட்டரில் யார் செய்தாலும் நடிப்பாகத்தான் கேட்டது. கடைசியில் பாம்பனில் ஒரு வேனின் கண்ணாடியெல்லாம் ஏற்றிவிட்டு, ஏசியை நிறுத்திவிட்டு, மைக்கை முகத்துக்கு நேராக வைத்து ஓர் அக்காவை உட்கார வைத்தோம். மே மாத வெயில். வெளியே பிள்ளைகள் கண்ணாடியில் மூக்கை அழுத்தி வேடிக்கை பார்க்கிறார்கள், உள்ளே அக்கா வேர்வை வழிய மூச்சை அடக்கி அடக்கி விடுகிறார், நடுவில் சிரிப்பு வந்துவிடும், மறுபடி முதலிலிருந்து. படம் முழுக்கக் கதாநாயகி விடும் மூச்சு அவருடையது. அதற்கும் தனி கார்டு உண்டு.

கீழக்கரை ராத்தாவுக்கு (முஸ்லிம் வீடுகளில் அக்காவை அப்படித்தான் கூப்பிடுவார்கள்) என்ன சொல்வது! வீட்டு முற்றத்தை ஷூட்டிங்குக்குக் கொடுத்தீர்கள், வாடகை வாங்க மறுத்தீர்கள், அதற்கு மேல் நெய்ச்சோறும் தாளிச்சாவும். யூனிட் கிளம்பும்போது ஆளுக்கொரு பொட்டலம் தொதல் என்கிற இனிப்பு. லைட்மேன்கள் இன்னும் உங்களை விசாரிக்கிறார்கள், என்னை யாரும் விசாரிப்பதில்லை.

தனுஷ்கோடியில் ஏன் எடுக்கவில்லை என்று பல பேர் கேட்டுவிட்டார்கள். 1964 புயலில் போன ஊர் அது, அங்கே இடிந்து நிற்கும் தேவாலயத்துக்கு முன்னால் டூயட் பாடிவிட்டுப் போனவர்கள் ஏராளம். அங்கே சங்குமாலை விற்கும் அண்ணன் ஒருவரே "நீங்களாச்சும் வேற எடம் பாருங்க" என்றார், அவருக்கும் நன்றி.

இனி சென்னை. சீரியலில் கேமராவுக்குப் பின்னால் நின்று எனக்கு வரி வரியாக ப்ராம்ப்ட் பண்ணின தம்பி, இப்போது என் இணை இயக்குநர். அவன் சோர்ந்த குரலில் படித்தால் நானும் சோர்ந்து பேசுவேன், வசனம் என்பது யார் வாயில் எப்படி உட்காருகிறது என்பதை அங்கேதான் படித்தேன். என்னைத் தன் கதை விவாதங்களில் உட்கார வைத்த மூத்த எழுத்தாளருக்கும், மூன்று மணி நேரப் படத்தை ஈவு இரக்கம் பார்க்காமல் வெட்டிய எடிட்டருக்கும் நன்றி. "நடிகைக்கு எதுக்கும்மா இந்த வேலை?" என்று கேட்டு ஸ்கிரிப்டைப் பிரிக்காமலே திருப்பிக் கொடுத்த ஒருவருக்கு மட்டும் நன்றி இல்லை, பதில்தான் இருக்கிறது. தமிழின் முதல் பேசும்படம் என்று சொல்லப்படும் காளிதாஸில் 1931-ல் கதாநாயகியாக நடித்த டி.பி.ராஜலட்சுமி, 1936-ல் மிஸ் கமலாவை எழுதி இயக்கிவிட்டார். பானுமதி 1953-ல் சண்டிராணியை மூன்று மொழியில் இயக்கினார். சாவித்திரி, சுஹாசினி, ரேவதி, லட்சுமி ராமகிருஷ்ணன் என்று வரிசை நீளம். நான் புதுசாக ஒன்றும் கேட்கவில்லை ஐயா.

அப்புறம், முக்கியமான விஷயம். முதல் காட்சி உங்களுக்குத்தான், பாம்பனில் கடற்கரையிலேயே திரை கட்டிக் காட்டத் தயாரிப்பாளர் சம்மதித்துவிட்டார். இருட்டு வேண்டும் என்று அமாவாசையைப் பிடித்தால் உங்களுக்கு வேலை நாள், பௌர்ணமியில் வெளிச்சம். ஆகவே தேய்பிறை தசமி, நிலா கிளம்ப நடுராத்திரி தாண்டிவிடும், அதற்குள் படம் முடிந்துவிடும். நாற்காலி கோயிலில் கேட்டிருக்கிறேன், போதாதது வீட்டிலிருந்து வரட்டும். ராத்தா, கீழக்கரையிலிருந்து உங்களைக் கூட்டிவர வண்டி அனுப்புகிறேன், சோறு ஆக்கிக்கொண்டு வரக்கூடாது. திரையை எந்தப் பக்கம் பார்த்துக் கட்டினால் காற்றில் கிழியாது என்பதை வள்ளக்கார அண்ணன் முந்தின நாளே வந்து சொல்லிவிட வேண்டும், எங்கள் ஆட்கள் சொன்னால் நம்பாதீர்கள்.