புளித்த கோஸ் இருக்க சோயா சாஸ் எதற்கு?

ஆசிரியருக்கு வணக்கம்.

உங்கள் சமையல் பக்கத்தில் குளிர்காலச் சிற்றுண்டி என்று சீன-ஜெர்மன் கலப்பு ஒன்றைப் போட்டிருந்தீர்கள். சாஸேஜை வட்டமாக நறுக்கி, சோயா சாஸில் பிரட்டி, எள்ளைத் தூவினால் முடிந்தது என்கிறது குறிப்பு. சாப்பிடலாம், தப்பில்லை. ஆனால் ஜெர்மன் சாஸேஜ் மேல் சீன சாஸை ஊற்றிவிட்டால் இரண்டு சமையலும் சேர்ந்துவிடுமா?

இரண்டும் ஏற்கெனவே சந்திக்கிற இடம் ஒன்று இருக்கிறது, அது புளித்த முட்டைக்கோஸ். ஜெர்மனியில் கெட்டியான வெள்ளைக் கோஸை மெல்லிசாகச் சீவி உப்புப் போட்டு அழுத்தி வைத்தால் சவர்க்ராட், வடகிழக்குச் சீனாவில் நீளமான சீனக் கோஸைப் பெரிய ஜாடியில் அடுக்கி மேலே கல் வைத்து அழுத்தினால் சுவான்சாய். இரண்டிலும் வினிகர் கிடையாது, தயிரைப் போல லாக்டிக் அமில பாக்டீரியாதான் புளிக்க வைக்கிறது. காய்கறி கிடைக்காத நீண்ட குளிர்காலத்தைத் தாண்ட இரண்டு ஊர்க்காரர்களும் கைக்கொண்ட வழி இது. மாவுக்குள் பூரணம் வைப்பதும் அப்படித்தான். வட சீனாவில் டிசம்பர் 21, 22 வாக்கில் வரும் குளிர்கால சங்கராந்தியன்று ஜியாவ்ஸு சாப்பிடுவார்கள், ஜெர்மனியின் ஷ்வாபியா பகுதியிலும் இப்படிப் பூரணம் வைத்த மவுல்டாஷன் இருக்கிறது. (நோன்புக் காலத்தில் கடவுள் கண்ணில் படாமல் கறியை மாவுக்குள் ஒளித்து வைத்தார்கள் என்று மவுல்டாஷனுக்கு ஒரு கதை உண்டு. கதைதான், ஆனால் நல்ல கதை.)

அதனால் என் யோசனை, சவர்க்ராட் பூரணம் வைத்த ஜியாவ்ஸு. 200 கிராம் சவர்க்ராட்டை இரண்டு கையாலும் ஒட்டப் பிழியுங்கள், இதில் சோம்பல்பட்டால் மாவு ஊறிப்போய்க் கிழிந்துவிடும். பிழிந்ததைப் பொடியாக நறுக்கி 300 கிராம் பன்றிக் கொத்துக்கறி, இஞ்சி, வெங்காயத்தாள், ஒரு ஸ்பூன் சோயா சாஸ், அரை ஸ்பூன் கேரவே விதை சேர்த்து ஒரே பக்கமாகக் கிளறுங்கள். கேரவே பார்க்கச் சீரகம் மாதிரி இருக்கும், அதற்காகச் சீரகத்தைப் போட்டால் வாசனையே வேறு. நட்சத்திர சோம்பு வேண்டாம், கேரவேயோடு சண்டை போடும். கோஸிலும் சாஸிலும் உப்பு இருப்பதால் தனியாக உப்புப் போடாமல், ஒரு துளி பூரணத்தைப் பொரித்து ருசி பார்த்துவிட்டு அப்புறம் முடிவு செய்யுங்கள்.

மேல்மாவுக்கு மைதாவும் அதில் பாதி எடை தண்ணீரும் போதும். பிசைந்து அரை மணி நேரம் மூடி வைத்து, ஓரம் மெல்லிசாகவும் நடுவில் கொஞ்சம் தடிமனாகவும் தேய்த்து, பூரணம் வைத்து அரைவட்டமாக மூடி அழுத்துங்கள். தோசைக்கல் போதாது, மூடி போட்ட தட்டையான வாணலி வேண்டும். எண்ணெயில் அடிப்பக்கம் சிவந்ததும் ஜியாவ்ஸுவின் கால்வாசி உயரத்துக்குத் தண்ணீர் ஊற்றினால் புஸ்ஸென்று ஆவி கிளம்பும், உடனே மூடுங்கள். தண்ணீர் வற்றிச் சலசலப்பு போய்ப் பொரிகிற சத்தம் வரும்போது மூடியை எடுத்து, அடி மொறுமொறுப்பானதும் இறக்குங்கள். தண்ணீரில் ஒரு ஸ்பூன் மைதா கரைத்து ஊற்றினால் அடியில் சரிகை போல ஒரு மெல்லிய படலம் பிடிக்கும், செய்தே ஆக வேண்டும் என்பதில்லை, அழகுக்கு.

தொட்டுக்கொள்ள சீனக் கருப்பு வினிகரில் கரகரப்பான ஜெர்மன் கடுகு விழுதைக் குழைத்துக்கொள்ளுங்கள். கறி சாப்பிடாதவர்கள் ஊற வைத்த காளானையும் கண்ணாடி நூடுல்ஸையும் நறுக்கிப் போடலாம், வடகிழக்குச் சீனாவில் சுவான்சாயோடு கண்ணாடி நூடுல்ஸ் சேர்த்துச் சமைப்பது வழக்கம்தான். அடுத்த வாரமே இதைப் போட்டால், குளிர் முடிவதற்குள் நாலு பேர் செய்து பார்ப்பார்கள்.

இப்படிக்கு,
சமையல் பக்கத்தை முதலில் புரட்டும் ஒரு வாசகி